முட்டைத் திருடன் திருடவே இல்லை

கோபி பாலைவனத்துக்குப் போய்விட்டு வந்து இரண்டு மாதம் ஆகிறது. எழுத உட்கார்வதற்குள் பாதி மறந்துபோகும் என்று நினைத்தேன், மறக்கவில்லை, முக்கியமாக என் நாக்கு மறக்கவில்லை. நாக்குக்கு அங்கே என்ன வேலை என்று கேட்பீர்கள். வருகிறேன்.

என் மகனிடம் ஒரு டைனோசர் படப் புத்தகம் இருக்கிறது. அதில் ஒரு பக்கத்தில் ஓவிராப்டர், இரண்டு கையிலும் ஒரு முட்டையை அணைத்துக்கொண்டு, பக்கவாட்டில் யாராவது பார்க்கிறார்களா என்று முழித்தபடி ஓடுகிறது. பார்த்த மாத்திரத்தில் களவாணி என்று சொல்லிவிடலாம், அப்படி வரைந்திருக்கிறார்கள். பேரின் அர்த்தமே 'முட்டைத் திருடன்' என்று கீழே ஒரு வரி. பையனுக்கு அந்தப் புத்தகத்திலேயே பிடித்த ஆள் இவன்தான், டி.ரெக்ஸ் எல்லாம் அப்புறம்தான். நான் மங்கோலியா போகிறேன் என்றதும், "அப்பா, அந்தத் திருடன் ஊருக்கா போறே?" என்றான். அந்த ஊருக்குத்தான். ஆனால் படத்தில் இருக்கும் கதை தப்பு என்று அவனிடம் சொல்ல அப்போது மனசு வரவில்லை, ஊருக்குக் கிளம்பும் அவசரம் வேறு.

உலான்பாத்தரிலிருந்து தெற்கே தலன்ஸத்கத் வரைக்கும் தார் ரோடு இருக்கிறது. அதற்கப்புறம் ரோடு என்று எதுவும் கிடையாது, டயர் தடங்கள்தான், பத்துப் பதினைந்து தடம் விசிறி மாதிரி விரிந்து போகும், எதில் போவது என்பது டிரைவர் மனசு. எங்கள் வண்டி சாம்பல் நிறத்தில் ஒரு பழைய ரஷ்ய வேன், அங்கே அதைப் புர்கோன் என்கிறார்கள். உள்ளே சீட் பெல்ட் தேடினேன், டிரைவர் கண்ணாடியில் என்னைப் பார்த்துச் சிரித்தார், அவ்வளவுதான் பதில். கோபி என்றதும் நான் மணல் மேடு மணல் மேடாகக் கற்பனை செய்து வைத்திருந்தேன். மணல் மேடு கொஞ்சம்தான். பெரும்பகுதி சரளைக்கல் பொட்டல், நடுநடுவே முழங்கால் உயரப் புதர், தூரத்தில் நீல மலை, எங்கேயோ நாலு ஒட்டகம். குளிர்காலத்தில் மைனஸ் 40 டிகிரிக்கு இறங்கும், கோடையில் பிளஸ் 40-ஐத் தொடும். ஒரே இடத்தில் எண்பது டிகிரி வித்தியாசம்.

பயான்ஸக் என்ற இடத்துக்கு மாலை நாலு மணி வாக்கில் போய்ச் சேர்ந்தோம். ஸக்ஸால் என்றொரு குட்டை மரம் அங்கே நிறைய வளர்வதால் அந்தப் பேர். உலகம் அதை 'எரியும் பாறைகள்' என்று அறிந்திருக்கிறது, சாயங்கால வெயில் பட்டால் செம்மண் பாறை தணல் மாதிரி ஆகிவிடும் என்று ராய் சாப்மன் ஆண்ட்ரூஸ் வைத்த பேர் அது. உண்மையைச் சொல்லிவிடுகிறேன், முதலில் எனக்கு ஏமாற்றமாகத்தான் இருந்தது. படங்களில் பார்த்துப் பெரிய பள்ளத்தாக்கு என்று நினைத்திருந்தேன், உயரம் ஒன்றும் பிரமாதமில்லை. ஆறு மணிக்கு மேல் வெயில் சாய்ந்தபோது வாயை மூடிக்கொண்டேன்.

இந்த ஆண்ட்ரூஸ் சுவாரசியமான ஆள். 1906-ல் நியூயார்க்கில் அமெரிக்க இயற்கை வரலாற்று அருங்காட்சியகத்துக்கு வேலை கேட்டுப் போயிருக்கிறார். வேலை காலியில்லை என்றதும், தரை துடைக்கும் வேலையாவது கொடுங்கள் என்று கேட்டு உள்ளே நுழைந்தவர், பிற்காலத்தில் அதே இடத்துக்கு இயக்குநர் ஆனார். 1922-ல் அவர் கோபிக்கு வந்தது டைனோசர் தேடி இல்லை. மனித இனம் ஆசியாவில்தான் தோன்றியது என்று நம்பிய ஹென்றி ஃபேர்ஃபீல்ட் ஆஸ்போர்ன் அப்போது அருங்காட்சியகத்தின் தலைவர், அந்த ஆதிமனித எலும்பைத் தோண்டி எடுத்துவரத்தான் மூன்று டாட்ஜ் கார், இரண்டு லாரி, பெட்ரோலும் சாப்பாடும் சுமக்க 75 ஒட்டகம் என்று ஒரு படையே கிளம்பியது. கார் போகும் இடத்துக்கு ஒட்டகம் முன்னாலேயே போய் பெட்ரோலோடு காத்திருக்கும், அதுதான் ஏற்பாடு. ஆதிமனிதன் கிடைக்கவே இல்லை.

கிடைத்தது என்னவென்றால், அந்தப் பருவம் முடிகிற நேரம், வழி தப்பிப்போய், யாரிடமாவது வழி கேட்கலாம் என்று வண்டிகளை நிறுத்தினார்கள். சும்மா நிற்பானேன் என்று குழுவின் புகைப்படக்காரர் ஷேக்கல்ஃபோர்டு கொஞ்சம் காலாற நடந்திருக்கிறார். சமதரை என்று நினைத்த இடம் திடீரென்று கீழே இறங்கியது, எதிரே சிவப்புப் பாறைகள், அதில் ஒரு திட்டின் மேல் ஒரு மண்டையோடு. கிளி மூக்கும் கழுத்துக்குப் பின்னால் விசிறி மாதிரி எலும்புமாக இருந்த அதற்கு அடுத்த வருஷம் புரோட்டோசெராடாப்ஸ் ஆண்ட்ரூசி என்று பேர் வைத்தார்கள். அன்றைக்கே ஒரு முட்டை ஓட்டுத் துண்டும் கிடைத்தது. ஏதோ பறவை முட்டை என்று எடுத்து வைத்துக்கொண்டு போய்விட்டார்கள்.

1923 ஜூலை 13. மறுபடி அதே இடம். ஜார்ஜ் ஓல்சன் என்பவர் மதியச் சாப்பாட்டுக்கு வந்து, எனக்கு முட்டை கிடைத்திருக்கிறது என்று சொல்ல, மற்றவர்கள் கேலி செய்திருக்கிறார்கள். சாப்பிட்டுவிட்டுப் போய்ப் பார்த்தவர்களுக்குக் கேலி நின்றுபோனது. நீள நீளமான முட்டைகள், ஏறக்குறைய ஒரு சாண் நீளம், கோழி முட்டையை இரண்டு பக்கமும் பிடித்து இழுத்துவிட்ட மாதிரி. டைனோசர் முட்டை போட்டதா குட்டி போட்டதா என்ற கேள்விக்கு உலகம் முழுக்கப் பத்திரிகைகளில் பதில் வந்தது அதற்கப்புறம்தான்.

சரி, யாருடைய முட்டை? அந்தப் பாறையில் எங்கே தட்டினாலும் புரோட்டோசெராடாப்ஸ்தான், ஆடு மேய்கிற மாதிரி அவ்வளவு. ஆகவே முட்டையும் அதனுடையதாகத்தான் இருக்கும் என்று எழுதிக்கொண்டார்கள். முட்டைகளுக்கு மேலே இன்னொரு எலும்புக்கூடு கிடந்தது. பல்லே இல்லாத, அலகு வைத்த, மெலிந்த பிராணி. அதன் மண்டையோட்டுக்கும் முட்டைக்கும் நடுவே வெறும் நாலு அங்குல மணல். அடுத்தவன் கூட்டில் முட்டை தின்னப் போய் கையும் களவுமாகப் பிடிபட்டுச் செத்தது என்று முடிவாகி, 1924-ல் ஆஸ்போர்ன் அதற்கு ஓவிராப்டர் ஃபிலோசெராடாப்ஸ் என்று பேர் எழுதினார். செராடாப்ஸ் முட்டைப் பிரியனான திருடன். ஆஸ்போர்னை முழுக்கக் குற்றம் சொல்லவும் முடியாது, இந்தப் பேர் அதன் உணவுப் பழக்கத்தைப் பற்றி நம்மைத் தவறான பக்கம் கொண்டுபோகலாம், அதன் குணத்துக்கே பொருந்தாமல் போகலாம் என்று அதே கட்டுரையில் அவரே எழுதி வைத்திருக்கிறார். எச்சரிக்கையை யார் படித்தார்கள், பேர்தானே ஒட்டிக்கொள்ளும்.

எனக்கு அதிசயமாக இருப்பது இதுதான். தொட்டிலுக்கு மேல் குனிந்தபடி செத்துக் கிடந்த ஒருத்தியைப் பார்த்து, பிள்ளை பிடிக்க வந்தவள் என்று எழுதிவிட்டு, எழுபது வருஷம் பெரும்பாலும் யாரும் அதை மாற்றி யோசிக்கவில்லை.

1930-க்குப் பிறகு அமெரிக்கர்களுக்கு அந்தக் கதவு மூடிவிட்டது. அரசியல். மறுபடி திறந்தது 1990-ல், மங்கோலிய அறிவியல் அகாதமியும் அதே நியூயார்க் அருங்காட்சியகமும் சேர்ந்து வேலை செய்ய ஆரம்பித்தபோது. 1993 ஜூலையில் அவர்களுடைய பெட்ரோல் வண்டி மணலில் புதைந்து நின்றுவிட, அன்றைக்கு அங்கேயே கூடாரம் போட்டார்கள். கோபியில் பெரிய கண்டுபிடிப்பு வேண்டுமென்றால் வண்டி நிற்க வேண்டும் போலிருக்கிறது. பக்கத்திலிருந்த பழுப்புக் குன்றுகளுக்கு ஏறிப் பார்த்தால் கால் வைத்த இடமெல்லாம் எலும்பு. உகா தோல்கோத் என்ற அந்த இடத்துப் பேருக்கும் பழுப்புக் குன்று என்றுதான் அர்த்தம். விரல் நுனியளவு பாலூட்டி மண்டையோடுகள், பல்லிகள், டைனோசர்கள். நூற்றுக்கணக்கில்.

அங்கே ஒரு உடைந்த முட்டை. 1923-ல் புரோட்டோசெராடாப்ஸுடையது என்று சொன்னார்களே, அதே ஜாதி முட்டை. உள்ளே பொரிக்காத குஞ்சின் எலும்புகள் சுருண்டு இருந்தன. நியூயார்க் அருங்காட்சியகத்தின் மார்க் நோரெல் குழு சுத்தம் செய்து பார்த்தால் அது புரோட்டோசெராடாப்ஸ் குஞ்சு இல்லை, ஓவிராப்டர் குடும்பத்துக் குஞ்சு. 1994-ல் இது வெளியானது. அடுத்த வருஷம் அதைவிடப் பெரிய ஒன்றை வெளியிட்டார்கள். ஒரு முழு உடல், கூட்டின் நடுவில் உட்கார்ந்திருக்கிறது. பின்னங்கால்கள் இரண்டும் உடம்புக்கு அடியில் மடிந்திருக்க, முன்கைகள் இரண்டும் அகல விரிந்து, வட்டமாக அடுக்கிய முட்டைகளை விளிம்போடு அணைத்தபடி. அடைக்கோழியைப் பார்த்தவர்களுக்கு விளக்கமே வேண்டாம். நாம் கையை நீட்டினால் இறக்கையைக் கொஞ்சம் தூக்கி முட்டையை இன்னும் உள்ளே தள்ளிக்கொண்டு உட்காருமே, அந்தத் தோரணை. கழுத்தும் தலையும் அரித்துப் போய்விட்டன, ஆனால் கைகள் சொல்ல வேண்டியதைச் சொல்லிவிட்டன.

பழி ஓரிடம் பாவம் ஓரிடம் என்பார்கள், இங்கே பாவமே நடக்கவில்லை.

இந்த அடைகாத்த பிராணி ஓவிராப்டருக்கு நெருங்கிய சொந்தம், 2001-ல் இதற்குச் சிதிபதி என்று தனியாகப் பேர் வைத்தார்கள். நம் காதுக்கு உடனே புரிகிற பேர், சிதைக்கு அதிபதி. திபெத்திய பௌத்தத்தில் சிதிபதி என்பவர்கள் இரண்டு துறவிகள், ஆழ்ந்த தியானத்தில் இருந்தபோது ஒரு திருடன் வந்து தலையை வெட்டிப்போக, வெட்டியதே தெரியாமல் உட்கார்ந்திருந்தார்களாம். ஆடும் எலும்புக்கூடுகளாக அவர்களை வரைவார்கள். அசையாமல் உட்கார்ந்தே செத்த, தலை இல்லாத ஒரு எலும்புக்கூட்டுக்கு இதைவிடப் பொருத்தமாக யார் பேர் வைக்க முடியும்? திருடன் என்று பேர் வாங்கிய குடும்பத்தில், திருடனால் செத்தவர்களின் பேர். வைத்தவர்கள் இதை யோசித்தார்களா தெரியாது, நான் படித்தபோது தனியாகச் சிரித்துக்கொண்டிருந்தேன்.

அதற்குப் 'பெரிய அம்மா' என்று செல்லப்பேர் வேறு வைத்தார்கள். 2008-ல் வந்த ஓர் ஆய்வு அங்கேயும் கையை வைத்தது. முட்டையிடும் பெண் பறவைகளுக்குக் கால் எலும்புக்குள் சுண்ணாம்புச் சத்தைச் சேர்த்து வைக்கும் ஒரு தனித் திசு இருக்கும், கூட்டில் கிடைத்த இந்த மாதிரி எலும்புகளில் அது காணவில்லை. அதனால் அடைகாத்தது அப்பாவாக இருக்கலாம், நெருப்புக்கோழியிலும் ஈமுவிலும் அப்பாக்கள் உட்காருவது போல, என்றார்கள். அதில் விவாதம் இருக்கிறது. எனக்கென்னவோ அப்பாவாக இருந்தால் நன்றாக இருக்கும் என்று ஒரு சொந்த ஆசை.

இவ்வளவும் தெரிந்த பிறகாவது ஓவிராப்டர் என்ற பேரை மாற்றினார்களா? இல்லை. விலங்குகளுக்குப் பேர் வைக்கும் சட்டத்தில் முதலில் வைத்த பேருக்குத்தான் உரிமை, அர்த்தம் தப்பு என்பது காரணமே ஆகாது. இதே கோபியில் கிடைத்த டார்போசாரஸ், டி.ரெக்ஸுக்கு ஆசியச் சொந்தம், அதற்கு 1955-ல் மலேயேவ் என்ற ரஷ்யர் 'டைரனோசாரஸ் பதார்' என்று பேர் வைத்தார், பதார் என்பது மங்கோலிய மொழியில் வீரன் என்ற அர்த்தத்தில். சரியான சொல் 'பாத்தர்', உலான்பாத்தரில் வருகிறதே, அது. எழுத்துப்பிழைதான், ஆனால் அதுவும் அப்படியே நிற்கிறது. எழுத்துப்பிழைக்கே மன்னிப்பு இல்லாத இடத்தில் அவதூறுக்கு எங்கே போய் முறையிடுவது.

சரி, உட்கார்ந்த நிலையில், கை விரித்த நிலையில், எப்படி இத்தனை விலங்குகள் அப்படியே கிடைக்கின்றன? மற்ற இடங்களில் செத்த விலங்கை நாய் நரி இழுத்து, வெள்ளம் உருட்டி, கடைசியில் ஒரு தொடை எலும்பும் நாலு பல்லும் மிஞ்சும். இங்கே ஏறக்குறைய ஏழரைக் கோடி வருஷத்துக்கு முன்பும் இது வறண்ட மணல் மேட்டுப் பகுதிதான். முதலில் மணல் புயல் மூடிவிட்டது என்றுதான் எல்லோரும் சொல்லிக்கொண்டிருந்தார்கள், நானும் அதைத்தான் நம்பியிருந்தேன். ஆனால் டேவிட் லூப் என்ற நிலவியலாளர் உகா தோல்கோத் மணலை உட்கார்ந்து பார்த்தபோது, காற்று கொண்டுவந்து சேர்த்த மணலில் இருக்க வேண்டிய சாய்ந்த அடுக்குகள் எலும்பு கிடக்கும் படிவத்தில் இல்லை, அங்கே மணல் ஒரே மொத்தையாக, கூழாங்கல் கலந்து இருக்கிறது. கனமழை பெய்து, மேட்டு மணல் தண்ணீர் குடித்துக் கனத்து, ஒரு பக்கமாகச் சரிந்து, அடிவாரத்தில் இருந்தவற்றை மூடிவிட்டது என்பது அவருடைய 1998-ம் வருஷ விளக்கம். பாலைவனத்தில் மழையால் சாவு. யோசித்துப் பார்த்தால், மழை என்றதும் பெரிதாக ஓடாமல் முட்டை நனையக்கூடாது என்று இன்னும் இறுக்கி உட்கார்ந்திருக்கும் அது. இது என் கற்பனை, கட்டுரையில் இல்லை.

துக்ரிகின் ஷிரே என்ற இன்னொரு இடத்தில் புரோட்டோசெராடாப்ஸ்கள் நின்ற வாக்கிலேயே கிடைத்திருக்கின்றன, மூக்கு மேல்நோக்கி, மணலுக்குள்ளிருந்து ஏறி வர முயன்ற மாதிரி. அங்கேதான் 1971-ல் போலந்து-மங்கோலியக் குழு அந்தப் புகழ்பெற்ற ஜோடியைக் கண்டெடுத்தது. ஒரு வெலோசிராப்டரும் ஒரு புரோட்டோசெராடாப்ஸும் கட்டிப் புரண்டபடி. வெலோசிராப்டரின் கால் கொக்கி நகம் மற்றதன் கழுத்துப் பக்கம், புரோட்டோசெராடாப்ஸின் அலகுக்குள் வெலோசிராப்டரின் வலது கை. யாரும் விட்டுக்கொடுக்கவில்லை, மணல் வந்து இருவரையும் விலக்காமல் மூடிவிட்டது. வெலோசிராப்டர் என்றதும் ஆள் உயரத்துக்குக் கற்பனை வரும், நிஜத்தில் அது ஒரு பெரிய வான்கோழி கனம்தான், வால்தான் நீளம். உடம்பில் இறகும் இருந்தது, கோபியில் கிடைத்த ஒரு முன்கை எலும்பில் இறகு வேரூன்றிய புடைப்புகள் வரிசையாக இருப்பதை 2007-ல் காட்டினார்கள்.

அந்தப் போலந்துக் குழுவை 1963-லிருந்து நடத்தியவர் சோஃபியா கீலான்-யவரோவ்ஸ்கா. அந்தக் காலத்தில் ஒரு பெண் இவ்வளவு பெரிய டைனோசர் பயணத்துக்குத் தலைமை என்பது அதுவரை இல்லாத விஷயம், அவருக்கோ டைனோசரைவிட அதன் காலடியில் ஓடிய எலி அளவுப் பாலூட்டிகள் மேல்தான் உயிர். ஆனாலும் 1965-ல் அவர் கண்ணில் பட்டது இரண்டு கைகள். ஒவ்வொன்றும் 2.4 மீட்டர். கைகள் மட்டும்தான், உடம்பு இல்லை. டெய்னோகைரஸ், பயங்கரக் கை, என்று பேர் வைத்துவிட்டு உலகமே அந்தக் கைக்கு எப்படிப்பட்ட அரக்கன் சொந்தக்காரனாக இருப்பான் என்று கிட்டத்தட்ட ஐம்பது வருஷம் யோசித்தது. இடையிடையே எத்தனை படங்கள், எத்தனை கோரப் பற்கள்.

2014-ல் உடம்பு வந்தது. பல்லே இல்லை. வாத்து மாதிரி தட்டை மூக்கு, முதுகில் மேடு, பதினொரு மீட்டர் நீளம், வயிற்றில் செரிமானத்துக்கு விழுங்கிய ஆயிரத்து நானூறுக்கும் மேற்பட்ட கூழாங்கற்கள், கூடவே மீன் எச்சங்கள். பயங்கரக் கை என்று பேர் வாங்கியவர் ஆற்றங்கரையில் செடியும் மீனும் தின்று வாழ்ந்த ஒரு விநோதமான சாது.

இந்தக் கதையில்தான் நிஜத் திருடன் வருகிறான். தென்கொரிய-மங்கோலியக் குழு 2009-ல் புகின் ஸவ் என்ற இடத்தில் இதன் உடலைக் கண்டுபிடித்தபோது, அவர்களுக்கு முன்னாலேயே யாரோ வந்து தோண்டிவிட்டுப் போயிருந்தார்கள். தலை இல்லை, பாதங்கள் இல்லை. விலை போகும் பாகங்களை வெட்டி எடுத்துக்கொண்டு மிச்சத்தை உடைத்துப் போட்டுவிட்டார்கள். குழிக்குள் 2002-ல் அச்சான ஒரு மங்கோலியப் பணத்தாள் கிடந்ததாம், கொள்ளையர்கள் வந்தது அதற்கு அப்புறம்தான் என்று அதை வைத்துக் கணக்குப் போட்டிருக்கிறார்கள். போன தலை ஐரோப்பாவில் ஒரு தனியார் சேகரிப்பில் இருப்பதை ஓர் ஆய்வாளர் கவனித்து, பேச்சுவார்த்தை நடந்து, 2014-ல் தலையும் பாதங்களும் மங்கோலியாவுக்குத் திரும்பின. ஒரே உடல்தான் என்று எப்படித் தெரிந்தது? குழியில் மிஞ்சிக் கிடந்த ஒரு கால்விரல் எலும்பு, திரும்பி வந்த பாதத்தில் விட்டுப்போன இடத்தில் கச்சிதமாகப் பொருந்தியது.

மங்கோலியாவில் புதைபடிவங்கள் அரசுச் சொத்து, 1924-லிருந்தே. நாட்டுக்கு வெளியே ஒரு மங்கோலிய எலும்பு ஏலத்துக்கு வந்தால் அது திருட்டு என்று கண்ணை மூடிக்கொண்டு சொல்லலாம். 2012 மே மாதம் நியூயார்க்கில் ஒரு முழு டார்போசாரஸ் ஏலத்துக்கு வந்தது. பொலோர்செட்செக் மின்ஜின் என்ற மங்கோலிய ஆய்வாளர் செய்தியைப் பார்த்ததும் ஊருக்குச் சொன்னார், அந்த நாட்டு ஜனாதிபதியே தலையிட்டார், நீதிமன்றத் தடை வாங்கப்பட்டது. ஏலக் கூடத்தில் ஒரு வழக்கறிஞர் கையில் போனோடு எழுந்து நின்று, நீதிபதி இணைப்பில் இருக்கிறார் என்று சொல்லச் சொல்ல, ஏலம் பத்து லட்சம் டாலருக்கு மேல் போய் முடிந்தது. அப்புறம் அமெரிக்க அரசே வழக்குப் போட்டது, வழக்கின் பேரைக் கேளுங்கள்: அமெரிக்கா எதிர் ஒரு டைரனோசாரஸ் பதார் எலும்புக்கூடு. ஏழு கோடி வருஷத்துக்கு முன்னால் செத்த பிராணி எதிர்வாதி! தோற்றுப்போய் 2013-ல் சொந்த ஊர் திரும்பியது, எதிர்வாதிக்கு இதைவிட நல்ல தோல்வி இல்லை. 2015-ல் நடிகர் நிக்கோலஸ் கேஜ்கூட, திருட்டுப் பொருள் என்று தெரியாமல் 2,76,000 டாலருக்கு வாங்கிய ஒரு மண்டையோட்டைத் திருப்பிக் கொடுக்கச் சம்மதித்தார்.

எலும்புக்கு விலை உண்டு என்று உலகத்துக்கு முதலில் சொல்லிக்கொடுத்தது யார் என்று பார்த்தால் ஆண்ட்ரூஸிடம்தான் போய் நிற்கும். 1923-ல் அடுத்த பயணத்துக்குப் பணம் திரட்ட ஒரே ஒரு முட்டையை ஏலம் விட்டார், 5000 டாலருக்குப் போனது. விளம்பரத்துக்காகச் செய்தது. ஆனால் ஒரு முட்டையே இவ்வளவு என்றால் இவர்கள் மொத்தமாக எவ்வளவு அள்ளிக்கொண்டு போகிறார்கள் என்று இங்கே சந்தேகம் கிளம்பிவிட்டது, பிற்காலத்தில் அவருக்கு வந்த தொல்லைகளில் அந்த 5000 டாலருக்கும் பங்கு உண்டு. முட்டைத் திருடன் என்ற பேரை யாருக்கு வைத்திருக்க வேண்டும் என்று நான் சொல்லப்போவதில்லை.

மின்ஜின் செய்த இன்னொரு காரியம் எனக்கு அந்த வழக்கைவிடப் பிடித்தது. நியூயார்க் அருங்காட்சியகம் பயன்படுத்திக் கழித்த ஒரு நடமாடும் அருங்காட்சியக வண்டியைக் கேட்டு வாங்கி மங்கோலியாவுக்குக் கொண்டுவந்து, கோபிப் பிள்ளைகள் படிக்கும் ஊர்களுக்கு ஓட்டிப்போனார். எரியும் பாறைகளுக்குப் பக்கத்திலேயே ஆடு மேய்க்கிற பிள்ளைகளுக்குத் தங்கள் காலடியில் என்ன இருக்கிறது என்று யாரும் சொன்னதில்லை, சொல்வதற்கான பொருள்களெல்லாம் வெளிநாட்டில் இருந்தன.

இப்போது நாக்கு. பாறை அடிவாரத்தில் நடக்கும்போது எங்கள் வழிகாட்டிப் பெண், கல்லூரியில் படிக்கிறவள், குனிந்து கட்டைவிரல் நகம் அளவுக்கு ஒரு வெள்ளைத் துண்டைக் காட்டினாள். கல்லா எலும்பா? எனக்குக் கல்லாகத்தான் தெரிந்தது. நக்கிப் பாருங்கள் என்றாள். கேலி செய்கிறாள் என்று நினைத்தேன், இல்லை, தானே முதலில் ஒரு சரளைக்கல்லை நாக்கில் வைத்துக் காட்டினாள், வழுக்கி விழுந்தது. அப்புறம் என் முறை. துண்டை நாக்கு நுனியில் வைத்ததும் ஒட்டிக்கொண்டது. லேசாக இழுத்தால் நாக்கும் கூடவே வருகிறது. எலும்புக்குள் இருக்கும் நுண்ணிய துளைகள் ஈரத்தை உறிஞ்சிக்கொள்வதால்தான் ஒட்டுகிறது, வெறும் கல்லுக்கு அந்தத் துளைகள் இல்லை. இதெல்லாம் அப்புறம் படித்தது. அந்த நேரத்தில் எனக்குத் தெரிந்ததெல்லாம் வாயில் தூசி ருசி, கொஞ்சம் உப்பு, ஏழரைக் கோடி வருஷத்துக்கு முன்னால் எதுவோ ஒன்றின் விலா எலும்போ என்னவோ என் எச்சிலைக் குடித்துக்கொண்டிருக்கிறது என்பதுதான். டிரைவர் வண்டியில் சாய்ந்துகொண்டு இதைப் பார்த்து மறுபடியும் சிரித்தார்.

துண்டை எடுத்த இடத்திலேயே வைக்கச் சொன்னாள். வைத்தேன். இல்லை, இப்படி இல்லை என்று அவளே குனிந்து, மண் ஒட்டியிருந்த பக்கத்தைக் கீழே திருப்பி, அது முன்னால் கிடந்த சின்னக் குழியில் பொருந்தும்படி வைத்தாள்.

திரும்பி வரும் வழியில் அவள் சொன்ன ஒன்று. ஆண்ட்ரூஸ் ஆட்கள் புரோட்டோசெராடாப்ஸ் முட்டை என்று தவறாக நினைத்தார்கள், சரி, அப்படியானால் நிஜமான புரோட்டோசெராடாப்ஸ் முட்டை எங்கே? இத்தனை எலும்பு கிடைக்கிற இடத்தில் அதன் முட்டை மட்டும் ஏன் நூறு வருஷமாகக் கிடைக்கவில்லை? 2020-ல்தான் பதில் வந்தது. உகா தோல்கோத்தில் கிடைத்த ஒரு கூட்டில் குஞ்சுகள் சுருண்டு கிடக்க, ஒவ்வொன்றைச் சுற்றியும் மெல்லிய ஒரு கறுப்பு வெள்ளைப் படலம். ஆமை முட்டை மாதிரி தோல் முட்டை. ஓடே இல்லாததால் மக்கிப்போய், பார்த்தவர்கள் கண்ணுக்கு முட்டையாகவே தெரியவில்லை. ஓடு இருந்தவனுடைய முட்டை கிடைத்தது, பழியும் கிடைத்தது.

ஊருக்கு வந்து பையனிடம் எல்லாவற்றையும் சொன்னேன். கவனமாகக் கேட்டான். அடைகாத்த கதைக்குத் தலையாட்டினான், சண்டைக் கதையை இரண்டு தடவை சொல்லச் சொன்னான். கடைசியில், "அப்போ எனக்கு ஒண்ணும் எடுத்துட்டு வரலையா?" என்றான். எடுக்கக் கூடாதுடா, சட்டம் என்றேன். முகம் தொங்கிவிட்டது.

மறுநாள் ஷூவைக் கழுவ எடுத்தபோது உள்ளேயிருந்து ஒரு கைப்பிடி சிவப்பு மணல் கொட்டியது. அவன் அதைப் பார்த்தான், என்னைப் பார்த்தான், ஓடிப்போய் ஒரு காலி மருந்து டப்பாவை எடுத்துவந்தான். இப்போது அது அந்தப் புத்தகத்துக்குப் பக்கத்தில் அலமாரியில் இருக்கிறது, யாராவது கேட்டால் சொல்லக் கூடாது என்று என்னிடம் சத்தியம் வாங்கியிருக்கிறான்.